அவுஷ்விட்ஸ் நினைவிடத்துக்கு ஒரு நாள் பயணம்: முதன்முறை செல்வோருக்கான வழிமுறை

போலந்தின் கிராக்கோவ் நகரிலிருந்து மேற்கே சுமார் 70 கி.மீ. போனால் ஒஷ்வியென்சிம் என்ற சிற்றூர் வரும். ஜெர்மன் மொழியில் அதன் பெயர்தான் அவுஷ்விட்ஸ். இரண்டாம் உலகப் போரின்போது ஜெர்மன் நாஜிகள் வதை முகாம் நடத்திய இடம் அது. 1940 ஜூன் 14 அன்று போலந்து அரசியல் கைதிகள் 728 பேரை ரயிலில் கொண்டுவந்து இறக்கியதில் தொடங்கி, 1945 ஜனவரி 27-இல் சோவியத் ராணுவமான செம்படை வந்து சேரும்வரை, ஏறத்தாழ 13 லட்சம் பேர் இங்கே கொண்டுவரப்பட்டார்கள். அவர்களில் சுமார் 11 லட்சம் பேர் கொல்லப்பட்டார்கள். பத்து லட்சம் பேர் யூதர்கள். மற்றவர்கள் போலந்துக்காரர்கள், ரோமா என்ற சிறுபான்மை இன மக்கள், சோவியத் போர்க்கைதிகள், இன்னும் பலர்.

இன்று அது அருங்காட்சியகம். போலந்து நாடாளுமன்றம் 1947-இல் சட்டம் இயற்றி அமைத்தது. 1979-இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்தது. ஆண்டுக்குப் பதினெட்டு லட்சத்துக்கும் மேற்பட்டோர் வருவதால் நினைத்த நேரத்தில் போய் நுழைய முடியாது. முன்பதிவு, பை, பேருந்து என்று அன்றைக்கு அலைந்தால் மனம் அதிலேயே போய்விடும். அந்த வேலைகளை முன்னாலேயே முடித்து வைத்தால்தான் அங்கே நிற்கும் நேரம் இறந்தவர்களுக்கு மிஞ்சும்.

படி 1: எந்த வழியில் போவது என்று முடிவு செய்யுங்கள்

இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, அருங்காட்சியகத்தின் அதிகாரப்பூர்வ முன்பதிவுத் தளத்தில் நீங்களே வழிகாட்டியுடன் கூடிய சுற்றை எடுத்துக்கொண்டு, பேருந்திலோ ரயிலிலோ போய்ச் சேர்வது. மற்றொன்று, கிராக்கோவில் வண்டியோடு சேர்த்து விற்கும் சுற்றுலா நிறுவனத்திடம் பதிவு செய்வது. எப்படிப் போனாலும் உள்ளே விளக்கிச் சொல்பவர் அருங்காட்சியகம் பயிற்சி அளித்து உரிமம் தந்த வழிகாட்டிதான். நிறுவனத்துக்குக் கூடுதலாகத் தரும் பணம் பெரும்பாலும் பயணத்துக்கே.

சுற்றுலா நிறுவனங்களிடம் ஒரு சிக்கல் உண்டு. பல நிறுவனங்கள் புறப்படும் நேரத்தை முந்தைய நாள்தான் உறுதிசெய்யும். காலை 9 மணி என்று பதிவு செய்தவருக்கு விடியற்காலை 5.30 என்றோ, மதியம் என்றோ செய்தி வரலாம். அதனால் அன்றைக்கு வேறு எந்தச் சீட்டும் எடுக்காதீர்கள், மாலை விமானமோ ரயிலோ கூடவே கூடாது. நேரம் உங்கள் கையில் இருக்க வேண்டுமானால் முதல் வழியே நல்லது.

நினைவிடத்துக்குள் நுழையக் கட்டணம் இல்லை, வழிகாட்டிக்குத்தான் கட்டணம். வழிகாட்டி இல்லாமல் போகவும் சில நேரங்களில் இலவச இடம் கிடைக்கும். ஆனால் முதன்முறை போகிறவர்களுக்கு அதைப் பரிந்துரைக்க மாட்டோம். இங்கே இரண்டு முகாம்கள் உண்டு. இரண்டாவதான பிர்கெனௌவில் மிஞ்சியிருப்பதில் பாதி வெறும் புகைபோக்கியும் இடிபாடும்தான். சொல்லித் தர ஆள் இல்லாவிட்டால் அது வெட்டவெளியாகத்தான் தெரியும்.

படி 2: முன்பதிவும் பெயரும்

கோடைக்காலத்துக்கு இரண்டு மூன்று மாதம் முன்பே பதிவு செய்துவிடுங்கள். ஆங்கிலச் சுற்றுகள்தான் முதலில் நிரம்பும். தமிழில் சுற்று கிடையாது. பொதுச் சுற்று சுமார் மூன்றரை மணி நேரம். ஆழமாகப் பார்க்க விரும்புவோருக்கு ஆறு மணி நேரச் சுற்றும் இருக்கிறது. ஜனவரி 1, டிசம்பர் 25, ஈஸ்டர் ஞாயிறு ஆகிய நாட்களில் விடுமுறை. குளிர்காலத்தில் சீக்கிரம் மூடிவிடுவார்கள். டிசம்பரில் மதியம் 2 மணிக்கு மேல் நுழைவு இல்லை.

நுழைவுச்சீட்டு உங்கள் பெயருக்கு வரும். வாசலில் அடையாள ஆவணத்தோடு ஒப்பிட்டுப் பார்ப்பார்கள். நம்மவர்களுக்குத் தவறு நேர்வது பெரும்பாலும் இங்கேதான். இன்ஷியல் போட்டு எழுதும் பழக்கத்தில் ஒருவர் 'ஆர்.' என்று பதிவு செய்வார், பாஸ்போர்ட்டிலோ அப்பாவின் முழுப்பெயர் குடும்பப் பெயராக இருக்கும். பாஸ்போர்ட்டை எதிரே வைத்துக்கொண்டு, எந்தக் கட்டத்தில் எது இருக்கிறதோ அதை அப்படியே எழுத்துக்கு எழுத்து நிரப்புங்கள். ஒற்றைப் பெயர் மட்டும் உள்ளவர்கள் அதையே இரண்டு கட்டத்திலும் எழுதலாம். இன்ஷியல் மட்டும் வேண்டாம். குடும்பமாகப் போனால் ஒவ்வொருவர் பெயரையும் தனித்தனியே சரிபாருங்கள்.

14 வயதுக்குக் குறைந்த பிள்ளைகளை அழைத்துவர வேண்டாம் என்று அருங்காட்சியகம் கேட்டுக்கொள்கிறது. தடை இல்லை. ஆனாலும் அந்த வேண்டுகோளை மதியுங்கள்.

படி 3: எதை எடுத்துப் போவது, எதை விட்டுப் போவது

பை சிறியதாக இருக்க வேண்டும். 30 × 20 × 10 செ.மீ. அளவுக்குள் இருந்தால் கவலையே இல்லை. முதுகுப்பையோடு போனால் காப்பறையில் வைக்க வேண்டியிருக்கும், அந்த வரிசையில் சுற்றின் நேரம் கடந்துவிடும்.

செருப்பு வேண்டாம், மூடிய காலணி போடுங்கள். முதல் முகாமின் பாதைகள் கரடுமுரடான கல். பிர்கெனௌவில் மழை பெய்தால் சேறு. அங்கே ஒதுங்க நிழல் கிடையாது. ஜூலையில் தொப்பி, ஜனவரியில் கையுறையும் கம்பளிக் குல்லாயும் கட்டாயம். குளிரில் ஒன்றரை மணி நேரம் திறந்தவெளியில் நிற்க வேண்டும் என்பதை மனதில் வைத்து உடுத்துங்கள்.

இன்னொன்றையும் தயங்காமல் சொல்லிவிட வேண்டும். கழுத்துச் சங்கிலியிலோ, பையிலோ, சட்டையிலோ ஸ்வஸ்திகா இருந்தால் அறையிலேயே வைத்துவிட்டு வாருங்கள். நமக்கு அது மங்கலச் சின்னம். அங்கே நிற்கும் ஒருவருக்கு அது தன் பாட்டியைக் கொன்றவர்களின் கொடி. விளக்கம் சொல்லிக்கொண்டிருக்க ஏற்ற இடம் அது இல்லை.

வயிறார உண்டுவிட்டுக் கிளம்புங்கள். நினைவிடத்துக்குள் சாப்பிடக் கூடாது.

படி 4: போய்ச் சேர்தல்

கிராக்கோவ் முதன்மை ரயில் நிலையத்துக்குப் பின்னால் உள்ள பேருந்து நிலையத்திலிருந்து நேரடிப் பேருந்து உண்டு. ஏறத்தாழ ஒன்றரை மணி நேரம். 'அருங்காட்சியகம்' நிறுத்தத்தில் இறக்கிவிடும் பேருந்துதானா என்று ஓட்டுநரிடம் கேட்டு ஏறுங்கள். ரயிலில் போனால் ஒஷ்வியென்சிம் நிலையத்திலிருந்து 20 நிமிடம் நடக்க வேண்டும்.

சுற்று தொடங்குவதற்கு அரை மணி முன்பே வாசலில் இருக்கச் சொல்கிறார்கள். விமான நிலையம் போல் சோதனை நடக்கும், பிறகு காதொலிக் கருவி தருவார்கள். 10.30 சுற்றுக்கு 8 மணிப் பேருந்து சரி, 8.45 பேருந்து ஆபத்து. சுற்று கிளம்பிவிட்டால் சீட்டு வீண்.

படி 5: முதல் முகாம், சுமார் இரண்டு மணி நேரம்

செங்கல் கட்டடங்கள் வரிசையாக நிற்கும். இவை போலந்து ராணுவக் குடியிருப்பாக இருந்தவை. 'வேலை விடுதலை தரும்' என்ற ஜெர்மன் வாசகம் வளைந்து நிற்கும் வாயில் வழியே உள்ளே போவீர்கள். மேலே இருப்பது நகல். அசல் பலகை 2009 டிசம்பரில் திருடுபோய் மீட்கப்பட்டது. அந்த வாயிலின் கீழ் நின்று சிரித்துப் படம் எடுக்காதீர்கள்.

4-ஆம் கட்டடத்தில் வெட்டப்பட்ட தலைமுடி குவிந்து கிடக்கும், சுமார் இரண்டு டன். அந்த அறையிலும், 11-ஆம் கட்டடத்தின் நிலவறையிலும் படம் எடுக்கத் தடை. மற்ற அறைகளிலும் ஃபிளாஷ் கூடாது. கைப்பேசியைப் பையில் போட்டுவிட்டால் நல்லது. குழு நகர்ந்துகொண்டே இருக்கும். திரையைப் பார்த்தால் கண்முன் இருப்பது போய்விடும்.

5-ஆம் கட்டடத்தில், கொண்டுவரப்பட்டவர்களின் பொருட்கள். 3,800 பெட்டிகளில் சுமார் 2,100-இல் பெயர் எழுதியிருக்கும். பெட்டி திரும்பக் கிடைக்கும் என்று நம்பி எழுதிய பெயர்கள் அவை. ஒரு பெட்டியையாவது தேர்ந்து அதன் பெயரையும் ஊரையும் வாசித்துவிட்டு நகருங்கள்.

6-ஆம் கட்டடத்து நடைகூடத்தில் கோடு போட்ட உடையில் கைதிகளின் படங்கள். வேகமாகப் பார்ப்பவர்கள் இங்கே ஒரு தவறான முடிவுக்கு வருகிறார்கள், இவர்கள்தான் பலியானவர்கள் என்று. இவர்கள் பதிவுசெய்யப்பட்டு எண் பெற்றவர்கள். ரயிலிலிருந்து இறங்கியதும் நச்சுவாயு அறைக்கு நேரே அனுப்பப்பட்ட லட்சக்கணக்கான யூதர்களுக்கு எண்ணும் இல்லை, இந்தச் சுவரில் படமும் இல்லை. அவர்கள் ஏன் இங்கே இல்லை என்று புரிந்துகொண்டால்தான் பிற்பகலில் பிர்கெனௌ புரியும்.

11-ஆம் கட்டடம் முகாமின் சிறை. அதன் நிலவறையில்தான் 1941 செப்டம்பர் தொடக்கத்தில் சோவியத் போர்க்கைதிகள் சுமார் 600 பேரும் நோயுற்ற போலந்துக் கைதிகள் 250 பேரும் சைக்ளோன் பி நச்சுவாயுவால் கொல்லப்பட்டார்கள். தமிழகக் கத்தோலிக்கர்கள் அறிந்த புனித மாக்சிமிலியன் கோல்பே, இன்னொரு கைதிக்குப் பதிலாகப் பட்டினிச் சாவை ஏற்று, 1941 ஆகஸ்ட் 14-இல் இறந்த அறையும் இங்கேதான். படிகள் குறுகல், காற்றோட்டம் குறைவு. மூச்சுத் திணறல் உள்ளவர்கள் வழிகாட்டியிடம் சொல்லிவிட்டு வெளியே முற்றத்தில் நிற்கலாம். பக்கத்தில் இருப்பது ஆயிரக்கணக்கானோர் சுட்டுக்கொல்லப்பட்ட சுவர். அங்கே பேசாதீர்கள்.

சுற்றின் கடைசியில் நச்சுவாயு அறையும் எரியூட்டு உலையும். உள்ளே முழு அமைதி வேண்டும். வழிகாட்டியும் வாசலிலேயே பேச்சை முடித்துவிடுவார். அருகில் ஒரு தூக்குமரம் நிற்கும். முகாமின் தளபதி ருடால்ஃப் ஹெஸ் 1947 ஏப்ரல் 16-இல் அங்கே தூக்கிலிடப்பட்டான்.

படி 6: பிர்கெனௌவைத் தவிர்க்காதீர்கள்

இரண்டு முகாம்களுக்கும் இடையே சுமார் 3 கி.மீ. தூரம், இலவசப் பேருந்து ஓடும். நடுவில் கிடைக்கும் சில நிமிடங்களில் கழிப்பறைக்குப் போய்விட்டுத் தண்ணீர் குடித்துவிடுங்கள். பெரும்பாலான கொலைகள் நடந்தது பிர்கெனௌவில்தான். களைப்பில் 'பார்த்தது போதும்' என்று முதல் முகாமோடு திரும்புகிறவர்கள் முக்கியமான இடத்தைப் பார்க்காமலே ஊர் திரும்புகிறார்கள்.

பரப்பு 171 ஹெக்டேர். வாயில் கோபுரத்தின் கீழே தண்டவாளம் உள்ளே நுழைகிறது. இந்தத் தடம் 1944 மே மாதத்தில், ஹங்கேரி யூதர்களைக் கொண்டுவருவதற்காக உள்ளே நீட்டப்பட்டது. ஜூலைக்குள் நான்கு லட்சத்துக்கும் மேற்பட்டோர் அங்கிருந்து வந்து இறங்கினார்கள். அதற்கு முன் ரயில்கள் நின்றது முகாமுக்கு வெளியே. இறங்கும் மேடையில், முகாமை நடத்திய நாஜிப் படையான எஸ்எஸ்-இன் மருத்துவர் கைகாட்டிப் பிரித்த இடத்தில் குழு நிற்கும். அங்கிருந்து தண்டவாளத்தின் முடிவுவரை நடந்து பாருங்கள். பிள்ளைகளோடும் மூட்டையோடும் அந்த மக்கள் நடந்த தூரம் அது.

முடிவில் இடதும் வலதுமாக இரண்டாம், மூன்றாம் எரியூட்டகங்களின் இடிபாடுகள். போரில் தோற்றுக்கொண்டிருந்தபோது தடயத்தை அழிக்க எஸ்எஸ் படையே 1945 ஜனவரியில் வெடிவைத்துத் தகர்த்தது. நான்காம் எரியூட்டகத்தின் கதை வேறு. பிணங்களை எரிக்கக் கட்டாயப்படுத்தப்பட்ட யூதக் கைதிகள் 1944 அக்டோபர் 7 அன்று கிளர்ந்தெழுந்து அதற்குத் தீ வைத்தார்கள். பொதுச் சுற்று அங்கே போகாது. சுற்று முடிந்தபின் தனியாக நடந்து போய்ப் பார்க்கலாம். மூடும் நேரத்தை மட்டும் வழிகாட்டியிடம் கேட்டுக்கொள்ளுங்கள். இடிபாடுகள் மேல் ஏறாதீர்கள், செங்கல் துண்டைக்கூட எடுக்காதீர்கள். அஞ்சலி செலுத்த விரும்பினால் நினைவுச்சின்னத்தருகே ஒரு சிறு கல்லை வைத்துவிட்டு வரலாம், யூதர் வழக்கம் அது.

மரக்கொட்டகை ஒன்றுக்குள்ளும் கூட்டிப் போவார்கள். 52 குதிரைகளுக்கான லாய அமைப்பு. 400 பேருக்கு மேல் அடைத்தார்கள்.

படி 7: திரும்புதல்

பொதுப் பேருந்தில் வந்தவர்கள் இலவசப் பேருந்தில் முதல் முகாமுக்குத் திரும்பி, அங்கிருந்துதான் கிராக்கோவ் பேருந்தைப் பிடிக்க வேண்டும். கடைசிப் பேருந்தின் நேரத்தைக் காலையிலேயே குறித்து வைத்துக்கொள்ளுங்கள். பேசும்போது 'போலந்து முகாம்' என்று சொல்லாதீர்கள். கைப்பற்றிய போலந்து மண்ணில் ஜெர்மன் நாஜிகள் நடத்திய முகாம் இது. அந்த நாட்டு மக்களைப் புண்படுத்தும் சொல் அது.

அன்று மாலை கிராக்கோவ் அருகே உள்ள உப்புச் சுரங்கச் சுற்று எதையும் சேர்த்து எடுக்காதீர்கள். இரண்டையும் ஒரே நாளில் அடைத்து விற்பதுண்டு. அப்படி வாங்கியவர்கள் பிர்கெனௌவில் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே நிற்க நேரிடும். நேரம் மிச்சமிருந்தால் ஒஷ்வியென்சிம் ஊருக்குள் போங்கள். போருக்கு முன் அந்த ஊர் மக்களில் பாதிக்கும் மேற்பட்டோர் யூதர்கள். அவர்களுடைய தொழுகைக்கூடங்களில் ஒன்றே ஒன்று எஞ்சியிருக்கிறது. அதை ஒட்டிய யூத மையத்தில் அவர்களுடைய கடைகள், கல்யாணங்கள், பள்ளிக்கூடங்கள் பற்றிய படங்கள் இருக்கின்றன. சனிக்கிழமைகளில் திறக்க மாட்டார்கள்.