காய்கறி பேன்கேக் சொதசொதவென்று ஆகாமல் இருக்க

காய்கறி பேன்கேக் திருப்பும்போது பிய்ந்து போகிறதா? மாவைக் கூட்டாதீர்கள், காயிலிருக்கும் தண்ணீரைக் குறையுங்கள்.

கேரட், முட்டைக்கோஸ், சுரைக்காய் எதுவானாலும் துருவி, இரண்டு கப்புக்கு அரை டீஸ்பூன் உப்பு போட்டுப் பிசிறி 15 நிமிடம் வையுங்கள். உப்பு நீரை வெளியே இழுத்துவிடும். பிறகு மெல்லிய துணியில் கொட்டி, முறுக்கி, இனி ஒரு சொட்டும் வராது என்கிற வரை பிழியுங்கள். சுரைக்காயில் இவ்வளவு தண்ணீரா என்று முதல் தடவை அசந்துதான் போவீர்கள். உருளைக்கிழங்கு என்றால் பிழிந்த நீரைக் கொட்டிவிட வேண்டாம். சற்று நேரத்தில் அடியில் வெள்ளையாகத் தங்கும் மாவுச்சத்தை வழித்துக் கலவையிலேயே சேர்க்கலாம், நன்றாகப் பிடித்துக்கொள்ளும்.

அப்புறம் ஒரு முட்டை, கால் கப் மைதா, ஒரு ஸ்பூன் சோளமாவு (கார்ன்ஃப்ளோர்), மிளகுத்தூள். உப்பு ஏற்கெனவே இருப்பதால் ருசி பார்த்துப் போடுங்கள். கலந்ததும் சுட்டுவிட வேண்டும், வைத்திருந்தால் மறுபடி நீர் விடும்.

எண்ணெய் காய்ந்ததா என்று தெரிய ஒரு துருவலைப் போட்டுப் பாருங்கள். உடனே சுற்றிலும் நுரைத்தால் சரி. மெல்லிசாகத் தட்டி, மிதமான தீயில் விடுங்கள். ஓரம் பொன்னிறமாகித் தானே கல்லை விட்டு நகரும் வரை, மூன்று நான்கு நிமிடம், கரண்டி வைக்கவே வேண்டாம். எடுத்ததைக் கம்பித் தட்டில் பரப்புங்கள். ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் ஆவியிலேயே மொறுமொறுப்பு போய்விடும்.