கட் சொல்ல அவசரப்படாதீர்கள்: ஆவணப்படம் எடுக்க வருகிறவர்களுக்கு

எழுத்து, தயாரிப்பு, இயக்கம் மூன்றுக்கும் டைட்டிலில் என் பெயர்தான் வரும். பெருமைக்காக இல்லை. ஆள் வைக்கக் காசில்லாமல் தொடங்கியது, அப்படியே பழகிவிட்டது. நீங்களும் அப்படித்தான் இறங்குகிறீர்கள் என்றால், அந்த மூன்று பேரையும் ஒரே நாளில் வேலைக்கு வரவிடாதீர்கள்.

முதலில் தயாரிப்பாளர் ஓடட்டும். படத்தில் வருகிறவர்களிடம் ஒப்புதல் கடிதத்தில் கேமரா ஓடுவதற்கு முன்பே கையெழுத்து வாங்கிவிடுங்கள். பழைய காட்சியோ பாட்டோ பயன்படுத்துவதாக இருந்தால், எடிட்டில் ஒட்டிப் பார்ப்பதற்கு முன்பே உரிமைக்கு எவ்வளவு என்று கேளுங்கள். ஒட்டிவிட்டால் பிரிய மனம் வராது. பட்ஜெட்டில் பத்து சதவீதத்தைத் தொடாமல் வையுங்கள். எழுத்தாளருக்கு இப்போதைக்கு இரண்டு பக்கம் போதும். யாருடைய கதை, அவருக்கு என்ன வேண்டும், எது குறுக்கே நிற்கிறது? மீதி எப்படியும் மாறும்.

படப்பிடிப்பில் தயாரிப்பாளரை வெளியே நிறுத்துங்கள். ஒரு கடிகாரம் பழுதுபார்ப்பவரைப் படமெடுத்தேன். கண்ணில் லென்ஸோடு எல்லாக் கேள்விக்கும் பதில் சொன்னார். கடைசியில் லென்ஸைக் கழற்றித் துடைத்துக்கொண்டே சும்மா இருந்தார். பேட்டரி தீர்கிறதே என்ற கவலையில் நான் கட் சொல்லிவிட்டேன். மைக்கைக் கழற்றும்போதுதான், “இனிமேல் சின்ன முள் எனக்குத் தெரியாது” என்றார். படத்தில் அது இல்லை. இப்போதெல்லாம் பதில் முடிந்ததும் மனதுக்குள் பத்து எண்ணுகிறேன். அதுவரை ‘ம்ம்’ கூடச் சொல்வதில்லை, மைக்கில் விழும்.

கிளம்பும் முன் யாரும் பேசாமல் முப்பது விநாடி அந்த அறையின் ஒலியைப் பதிவு செய்யுங்கள். எடிட்டில் வெட்டு தெரியாமல் ஒட்ட அதுதான் பசை.

அன்று இரவே மூன்று பிரதி, அதில் ஒன்று வேறு வீட்டில். 1916-இல் ஆவணப்பட முன்னோடி ராபர்ட் ஃபிளாஹர்ட்டியின் சிகரெட் நெருப்பில் சுமார் 30,000 அடி நெகட்டிவ் எரிந்துபோனது. திரும்பிப் போய் எடுத்து, 1922-இல்தான் அவருடைய ‘நனூக்’ படம் வெளிவந்தது. நமக்கு ஹார்டு டிஸ்க் கீழே விழுந்தாலே போதும்.

அப்புறம் எழுத்தாளரைக் கூப்பிடுங்கள், அவருக்கு உண்மையான வேலை இப்போதுதான். பேட்டிகளை வரிக்கு வரி டைப் செய்து, டைம்கோடு (எந்த நிமிடம், எந்த விநாடி என்ற குறிப்பு) போட்டு, அச்செடுத்து, கத்தரியால் வெட்டித் தரையில் வரிசைப்படுத்துங்கள். மென்பொருளைத் திறப்பதற்கு முன்பே படத்தின் முதுகெலும்பு தெரிந்துவிடும்.

ரஃப் கட்டை, அதாவது முதலில் தோராயமாக ஒட்டிய படத்தை, விஷயம் தெரியாத ஒருவருக்குப் போட்டுக்காட்டுங்கள். அவர் முகத்தை மட்டும் பாருங்கள். எங்கே போனை எடுக்கிறாரோ அங்கே டைம்கோடைக் குறித்துக்கொள்ளுங்கள். எனக்கு ரொம்பப் பிடித்த ஷாட் பெரும்பாலும் அங்கேதான் இருக்கும்.