உடம்புக்கு அளவெடுத்து வீல்சேர் வாங்குவது எப்படி?

மெடிக்கல் கடை வாசலில் மடக்கிச் சாத்தி வைத்திருக்கிற ஸ்டீல் வீல்சேர், ஒரு நோயாளியை வார்டிலிருந்து எக்ஸ்ரே அறைக்குக் கொண்டு போவதற்காகச் செய்தது. பின்னால் நின்று ஒருவர் தள்ளுவார் என்ற கணக்கில் செய்தது. சீட் அகலம் பெரும்பாலும் 18 இன்ச், எடை 16 முதல் 20 கிலோ, யார் உட்கார்ந்தாலும் அதே அளவு. அதில் ஒருவர் தினமும் காலையில் கிளம்பி, தானே தள்ளி, வேலைக்குப் போய், சாயங்காலம் காய்கறி வாங்கிக்கொண்டு வீடு திரும்ப வேண்டும் என்றால் முதலில் தோள்பட்டை போகும், அடுத்து முதுகு, அதற்கப்புறம் அவர் வெளியே போவதையே குறைத்துக்கொள்வார். வீட்டில் எல்லோரும் அவருக்கு உடம்பு முடியவில்லை என்று சொல்வார்கள். பல நேரம் குறை வண்டியில்தான் இருக்கும்.

கைகளில் வலு உள்ளவர்களுக்காக இதை எழுதுகிறேன். போலியோ வந்தவர்கள், முதுகுத்தண்டில் அடிபட்டு இடுப்புக்குக் கீழே உணர்வில்லாதவர்கள், கால் எடுக்கப்பட்டவர்கள். இப்போது படுக்கைப்புண் இருக்கிறது, முதுகு ஒரு பக்கம் வளைந்திருக்கிறது, அடிபட்டுச் சில மாதம்தான் ஆகிறது என்றால் படித்து வைத்துக்கொள்ளுங்கள், ஆனால் அளவை ஒரு பிசியோதெரபிஸ்டோ ஆக்குபேஷனல் தெரபிஸ்டோ எடுக்கட்டும்.

எல்லோரும் முதலில் கேட்பது எடை. அது முக்கியம்தான், ஆனால் கிலோவுக்கு முன்னால் இன்ச்சைப் பாருங்கள். 9 கிலோ வண்டியே ஆனாலும் சீட் அகலம் கூடிப் போனால், தள்ளுவதற்காகப் பெரிய சக்கரத்தின் வெளிப்பக்கம் இருக்கிற கை வளையத்துக்குக் கை எட்டாது, பெரிய சக்கரம் ரொம்பப் பின்னால் இருந்தால் வண்டி இழுக்காது. மதுரைப் புதுமண்டபத்தில் துணி எடுத்து அங்கேயே அளவு கொடுத்துத் தைத்துப் போட்ட ஊர் இது, ஆளுக்கு ஆள் அளவு மாறும் என்று நமக்கு விளக்க வேண்டியதில்லை. வீல்சேருக்கும் அதே மாதிரி டேப்பைப் பிடிக்க வேண்டும், அவ்வளவுதான்.

முதலில் வீட்டை அளங்கள்

வீட்டிலேயே குறுகலான கதவு எது என்று தேடுங்கள், அநேகமாகக் குளியலறைக் கதவுதான். கதவை முழுதாகத் திறந்து, பலகையின் கனம் போக உண்மையில் எத்தனை இன்ச் வழி கிடைக்கிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். வண்டியின் மொத்த அகலம் சீட் அகலத்தைவிட ஏறக்குறைய 7 அல்லது 8 இன்ச் கூடுதலாக இருக்கும். 18 இன்ச் சீட் என்றால் வெளி அகலம் 26 இன்ச் வரை போகும். 30 இன்ச் கதவு வைத்த புது வீட்டில் கவலையில்லை. மாசி வீதிகளுக்கு உள்ளே இருக்கிற பழைய வீடுகளில் அந்த வண்டி கதவிலேயே நின்றுவிடும்.

அடுத்து வாசற்படி. சாய்தளம் போடுவதாக இருந்தால் ஒரு அடி உயரத்துக்கு 12 அடி நீளம் வேண்டும் என்பதுதான் கணக்கு. தெருவை ஒட்டிய வீட்டில் அத்தனை இடம் இருக்காது, அப்போது பக்கவாட்டிலோ உள்பக்கமாகத் திருப்பியோ போட முடியுமா என்று கொத்தனாரிடம் கேளுங்கள். வேலை செய்யும் மேசையின் அடிப்பக்க உயரத்தையும் மறக்காமல் எடுங்கள், முழங்கால் உள்ளே போக வேண்டும்.

அப்புறம் உடம்பு

சோபாவிலோ கட்டிலிலோ, இப்போது இருக்கிற வண்டியிலோ உட்கார்ந்து அளக்காதீர்கள், அமுங்கும். ஒரு மரப் பெஞ்சில் நேராக உட்காருங்கள். தினமும் போடுகிற துணி, தினமும் போடுகிற செருப்பு. நேராக உட்காரச் சிரமமானவர்களைப் பின்னாலிருந்து ஒருவர் பிடித்துக்கொள்ளட்டும்.

அகலத்துக்கு ஒரு வழி சொல்கிறேன். கெட்டி அட்டை போட்ட இரண்டு புத்தகங்களை இடுப்புக்கு இரு பக்கமும் செங்குத்தாக ஒட்டி வைத்து, புத்தகத்துக்கும் புத்தகத்துக்கும் நடுவே அளங்கள். டேப்பை மட்டும் உடம்பின் மேல் வைத்தால் வளைவில் கூடிவிடும். ஒத்தக்கடைப் பக்கம் ஒரு தம்பிக்கு இப்படி எடுத்தபோது 14 இன்ச் வந்தது. அவர் உட்கார்ந்திருந்த வண்டியின் சீட் 18. இரண்டு பக்கமும் துண்டை மடித்துச் செருகி வைத்திருந்தார், துண்டின் ஓரம் கறுத்து நைந்து போயிருந்தது.

"ஒரு பக்கமாச் சாயுதுண்ணே, அதான்" என்றார்.

அவருடைய அம்மாவுக்கு வேறு கவலை. "கொஞ்சம் பெருசாவே சொல்லுங்கய்யா, நாளைக்கு உடம்பு போட்டா பத்தாமப் போயிருமே."

நியாயமான கவலைதான். ஆனால் பெரியவர்களுக்கு இடுப்பளவோடு அதிகபட்சம் ஒரு இன்ச் சேர்த்தால் போதும், இருபக்கமும் சேர்த்துத்தான் அந்த ஒரு இன்ச். அதற்கு மேல் விட்டால் இடுப்பு ஒரு பக்கம் இறங்கி, முதுகு அந்தப் பக்கம் வளைய ஆரம்பிக்கும், கையையும் அகல விரித்துத் தள்ள வேண்டிவரும். வளரும் பிள்ளைகளுக்கு மட்டும், பின்னால் அகலத்தைக் கூட்டிக்கொள்ள வசதியுள்ள பிரேம் கிடைக்குமா என்று கேளுங்கள்.

ஆழம்: முதுகுக்குப் பின்னால் ஒரு பலகையை நிமிர்த்தி வைத்து, அதிலிருந்து முழங்காலின் உள் மடிப்பு வரை அளங்கள். அதில் 2 இன்ச் குறையுங்கள். நீளம் கூடினால் முழங்கால் மடிப்பில் சீட் இடித்து, ஆள் முன்னால் சறுக்கிக் கூன் போட்டு உட்காருவார். குறைந்தால் தொடை தாங்க வேண்டிய பாரமெல்லாம் உட்காரும் எலும்பில் இறங்கும்.

கால்: முழங்கால் மடிப்பிலிருந்து செருப்பின் அடி வரை. ஃபுட்ரெஸ்ட் தரையிலிருந்து 2 இன்ச்சாவது மேலே இருக்க வேண்டும், இல்லையென்றால் நம் வேகத்தடைகளில் இடிக்கும்.

முதுகு: தோள்பட்டை எலும்பின் கீழ் நுனியைத் தொட்டுப் பாருங்கள். தானே தள்ளுபவருக்குச் சாய்மானம் அதற்கு ஒன்றிரண்டு இன்ச் கீழே நின்றால்தான் கை தாராளமாகப் பின்னால் போய்வரும். உடம்பை நிமிர்த்திப் பிடிக்கச் சிரமப்படுபவர்களுக்கு உயரம் கூடுதலாக வேண்டும், இதில் வீம்பு பிடிக்காதீர்கள்.

குஷனை முதலில் முடிவு செய்யுங்கள்

வண்டியை வாங்கிவிட்டு, மீதிப் பணத்தில் ஏதோ ஒரு ஸ்பாஞ்சை வெட்டிப் போடுபவர்கள்தான் அதிகம். 3 இன்ச் குஷன் வைத்தால் நீங்கள் அமுங்கியது போக மீதி உயரத்துக்கு மேலே போவீர்கள், அதனால் கை வளையம், ஃபுட்ரெஸ்ட், சாய்மானம் எல்லாக் கணக்கும் மாறும். நுரை, ஜெல், காற்று என்று வகைகள் உண்டு. உணர்வில்லாத உடம்பு என்றால் வெறும் ஸ்பாஞ்ச் போதாது, அழுத்தத்தைப் பரப்புகிற குஷன் கட்டாயம். ஜெல் குஷனை வெயிலில் வைத்துவிட்டு வந்து அப்படியே உட்காராதீர்கள். அக்னி நட்சத்திரத்தில் சூடேறிய இரும்பும் ஜெல்லும் தொடையைச் சுட்டாலும் அவர்களுக்குத் தெரியாது, சாயங்காலம் கொப்புளத்தைப் பார்த்துத்தான் தெரியும்.

பெரிய சக்கரம் எங்கே நிற்கிறது?

இதுதான் ஒரு நல்ல வண்டிக்கும் சாதா வண்டிக்கும் உள்ள பெரிய வித்தியாசம். ஆஸ்பத்திரி வண்டியில் ஆக்சில், அதாவது பெரிய சக்கரத்தின் அச்சு, சாய்மானத்துக்கு நேர் கீழே இருக்கும், அதனால் ஆளின் பாரத்தில் கணிசமான பகுதி முன்னால் இருக்கிற சின்னச் சக்கரங்களில் போய் உட்காரும். சின்னச் சக்கரம் பாரம் சுமந்தால் ஒவ்வொரு கல்லிலும் மாட்டும், திரும்பும்போது அடம்பிடிக்கும். ஆக்சிலைக் கொஞ்சம் முன்னால் கொண்டு வந்தால் பாரம் பெரிய சக்கரத்துக்கு மாறி, அதே ஆள் அதே கையால் தள்ளும்போது வண்டி வழுக்கிக்கொண்டு போகும்.

ஆனால் முன்னால் வர வர வண்டி பின்பக்கம் சாயவும் பார்க்கும். அதனால் முதல் வண்டிக்கு ஆக்சிலை நகர்த்தக்கூடிய பிரேமாகவே கேளுங்கள், பின்னால் விழாமல் தடுக்கும் சின்னச் சக்கரங்களையும் சேர்த்துக் கேளுங்கள். கொஞ்சம் பின்னால் வைத்துத் தொடங்கி, பழகப் பழக அரை இன்ச் அரை இன்ச்சாக முன்னால் தள்ளலாம். இரண்டு காலும் இல்லாதவர்களுக்கு முன்பக்கப் பாரம் குறைவு என்பதால் ஆக்சில் மற்றவர்களைவிடப் பின்னாலேயே இருக்க வேண்டும்.

உயரத்துக்குச் சோதனை சுலபம். குஷனோடு உட்கார்ந்து கையைத் தளர்வாகத் தொங்கவிடுங்கள், நடுவிரல் நுனி ஆக்சிலின் மையத்தைத் தொட வேண்டும். எட்டவில்லை என்றால் சீட் உயரம், தாண்டிக் கீழே போனால் சீட் பள்ளம். கையை வளையத்தின் உச்சியில் வைத்தால் முழங்கையின் உள்கோணம் 100 முதல் 120 டிகிரி இருப்பது சரியான நிலை.

பிரேம், சக்கரம், நம்ம ஊர் ரோடு

மடக்கும் பிரேமா, மடக்காத ஒரே கட்டு பிரேமா? தினமும் ஓட்டுபவருக்கு நான் மடக்காததைத்தான் சொல்வேன். மடக்கு வண்டியில் தள்ளும் பலத்தில் ஒரு பங்கை மூட்டுகள் தின்றுவிடும், எடையும் கூடும். ஆட்டோவில் எப்படி ஏற்றுவது என்று உடனே கேட்பீர்கள். ஆக்சில் நடுவில் இருக்கிற பித்தானை அழுத்தினால் பெரிய சக்கரம் கையோடு கழன்று வந்துவிடும், சாய்மானத்தைச் சீட்டின் மேல் படுக்க வைத்தால் மீதி ஒரு பெரிய பை அளவுதான்.

நம் நாட்டிலேயே இப்போது நல்ல வண்டிகள் வருகின்றன. சென்னை ஐஐடியில் உருவான நியோமோஷன் நிறுவனம், ஆளுக்கு ஏற்ப அளவெடுத்து நியோஃப்ளை வண்டியைச் செய்கிறது. அதே ஐஐடி 2025 ஜூலையில் ஒய்டி ஒன் என்ற 9 கிலோ வண்டியை அறிமுகம் செய்தது.

சின்னச் சக்கரத்தில் 4 இன்ச் அழகாக இருக்கும், ஆபீஸ் தரையில் பறக்கும். மீனாட்சி கோயிலைச் சுற்றிக் கல் பதித்த சித்திரை வீதியிலும், சாக்கடை மூடி உடைந்து கிடக்கிற சந்துகளிலும் அது மாட்டிக்கொள்ளும். 5 அல்லது 6 இன்ச், கொஞ்சம் அகலமான ரப்பர் என்று கேளுங்கள். வேட்டி, கைலி, புடவை கட்டுபவர்கள் பக்கத் தடுப்பு இல்லாமல் வண்டி எடுக்கவே கூடாது, முந்தானை போக்ஸ் கம்பியில் சுற்றினால் நொடியில் ஆளை இழுத்துவிடும்.

பணம்

அரசு உதவிக்கு ஆட்சியர் அலுவலகத்தில் இருக்கிற மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகத்தைக் கேளுங்கள், மாற்றுத்திறனாளிகளுக்கான தேசிய அடையாள அட்டையைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். மனுவில் வீல்சேர் வேண்டும் என்று மட்டும் எழுதாமல் நீங்கள் எடுத்த அளவுகளையும் செய்கிற வேலையையும் எழுதிக் கொடுங்கள்.

வண்டி வந்த அன்று

கையெழுத்துப் போடுவதற்கு முன் உட்கார்ந்து பாருங்கள். இடுப்புக்கும் பக்கத் தடுப்புக்கும் நடுவே தட்டையான கை நுழைய வேண்டும், அதற்கு மேல் இடைவெளி வேண்டாம். அப்புறம் குஷன் சோதனை: வேறொருவர் உள்ளங்கை மேலே பார்க்கும்படி, குஷனுக்கும் உங்களுக்கும் நடுவே கையை விட்டு உட்காரும் எலும்புக்கு அடியில் விரல் நுனியை வைக்கட்டும். விரலை மேலும் கீழும் அசைக்க முடிந்தால் சரி. அசைக்க முடியவில்லை, ஆனால் சுலபமாக உருவ முடிகிறது என்றால் எச்சரிக்கை. உருவவே சிரமம் என்றால் அந்தக் குஷனில் ஒரு நாள்கூட உட்காராதீர்கள். இரண்டு பக்கமும் பார்க்க வேண்டும். குஷன் நல்லதாக இருந்தாலும் அரை மணிக்கு ஒருமுறை முன்னால் குனிந்தோ பக்கம் சாய்ந்தோ பாரத்தை மாற்றுவதும், ராத்திரி கண்ணாடி வைத்துத் தோல் சிவந்திருக்கிறதா என்று பார்ப்பதும் தொடர வேண்டும்.

முதல் வாரம் சமதளத்தில் ஓட்டுங்கள், தமுக்கம் பக்கம் ஏற்ற இறக்கமெல்லாம் பிறகு. முன்சக்கரத்தைத் தூக்கி நிலைப்படி தாண்டப் பழகும்போது பின்னால் கட்டாயம் ஒருவர் நிற்கட்டும்.

பராமரிப்பு பெரிதாக இல்லை. வாரம் ஒருமுறை காற்று, ஏனென்றால் காற்றுக் குறைந்த டயர் லேசான வண்டியையும் கனமாக்கிவிடும், பிரேக்கும் பிடிக்காது. சின்னச் சக்கரத்தின் அச்சில் தலைமுடியும் நூலும் சுற்றியிருக்கும், பிளேடால் அறுத்து எடுங்கள். டயர் மாற்றும்போது 24 இன்ச் என்று மட்டும் சொல்லி வாங்காதீர்கள், டயரின் பக்கத்தில் 540 என்றோ 507 என்றோ இன்னொரு எண் இருக்கும், அது பொருந்தவில்லை என்றால் ரிம்மில் ஏறாது. வண்டி வந்த அன்றே அந்த எண்ணைப் போனில் படம் எடுத்து வைத்துக்கொண்டு, அதே அளவில் ஒரு ஜோடி டியூப் வாங்கி வீட்டில் போட்டு வையுங்கள்.