கட்டிங் யார் கேட்டது? ஒரு கொச்சைச் சொல்லைத் துப்பறியும் வழி

"கட்டிங் என்றால் என்ன?" என்று யாராவது கேட்டால் உடனே பதில் சொல்லாதீர்கள். "யார் சொன்னது, முழு வாக்கியம் என்ன?" என்று திருப்பிக் கேளுங்கள். நான் சொல்லப்போகும் முறையில் பாதி இதிலேயே முடிந்துவிடுகிறது.

வேலூர் லாங்கு பஜாரை ஒட்டிய சந்து ஒன்றில் எங்கள் அச்சகம் இருக்கிறது. மாமனார் காலத்தில் டிரெடில் மிஷினும் ஈய எழுத்தும். இப்போது ஆப்செட், பிளக்ஸ். புரூப் பார்ப்பது என் வேலை. இந்த ஊரில் ஒன்றோடொன்று பேசிக்கொள்ளாத கூட்டங்கள்கூட எங்கள் கல்லாவுக்கு முன்னால் வரிசையில் நிற்கும். மண்டிக்காரர் பில் புக் அடிக்க வருவார். மதரஸாவிலிருந்து ஆண்டு விழா நோட்டீஸுக்கு வருவார்கள். காட்பாடிப் பக்கத்துக் கல்லூரிப் பையன்கள் நண்பன் கல்யாணத்துக்குப் பேனர் கேட்பார்கள். எல்லோரும் ஒரே சொல்லைச் சொல்வார்கள், ஆளுக்கு ஒரு பொருளில். தன் பொருள்தான் ஊருக்கே பொருள் என்றும் நினைத்துக்கொள்வார்கள். எந்தப் பொருள் என்று தெரியாமல் அச்சடித்தால் காகிதச் செலவு நமக்கு. கதை எழுதுகிறவர்கள், சப்டைட்டில் போடுகிறவர்கள், விளம்பர வாசகம் எழுதுகிறவர்கள், வெளியூரிலிருந்து மாற்றலாகி வந்த ஆசிரியர்கள் என்று பலருக்கும் இதே தலைவலி உண்டு. அவர்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

பள்ளிக்கூடத்தில் படித்த குழூஉக்குறியை நினைத்துக்கொள்ளுங்கள். பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்பார், யானைப்பாகர் ஆடையைக் 'காரை' என்பார், வேடர் கள்ளைச் 'சொல்விளம்பி' என்பார். நன்னூல் உரைகளில் வரும் எடுத்துக்காட்டுகள் இவை. (குடித்தவனைச் சொல்ல வைப்பதால் சொல்விளம்பி. இதைவிட நல்ல பெயரை இன்றைக்கு எந்தக் கம்பெனியும் வைக்கவில்லை.) ஆனால் நாம் தேடுவது இதற்கு நேர் எதிர். அங்கே பொருள் எல்லோருக்கும் தெரிந்தது, சொல்தான் ஒளிந்திருக்கிறது. இங்கே சொல் தெருவில் நிற்கிறது, பொருள் கூட்டத்துக்குள் ஒளிந்துகொள்கிறது.

முதலில் வினையைப் பிடியுங்கள்

கொச்சைச் சொல்லைத் தனியாக எடுத்துப் பார்த்தால் ஒன்றும் கிடைக்காது. தமிழில் அது பெரும்பாலும் பெயராக வந்து ஒரு சின்ன வினையைத் துணைக்கு இழுத்துக்கொள்ளும்: போடு, அடி, பண்ணு, கொடு, காட்டு. கூட்டத்தின் அடையாளம் அந்த வினையில்தான் இருக்கிறது.

கட்டிங்கையே பாருங்கள். சலூனில் 'கட்டிங் பண்ணிட்டு வா', அது முடி. ஆம்பூர், ராணிப்பேட்டைப் பக்கம் ஷூ கம்பெனிக்குப் போகிற பெண் 'நான் கட்டிங்ல இருக்கேன்' என்பாள். தோலை அளவுக்கு வெட்டும் பிரிவு அது. அதற்கப்புறம் தைக்கிற ஸ்டிச்சிங், கால் அச்சில் ஏற்றி வடிவாக்கும் லாஸ்டிங். அம்முண்டி சர்க்கரை ஆலைக்குக் கரும்பு போடுகிற விவசாயிக்கு 'கட்டிங் வந்துச்சா' என்றால் வெட்டு உத்தரவு. கட்சிக்காரர் 'கட்டிங் எடுத்து வெச்சிருக்கேன்' என்று நீட்டினால், தன் படம் வந்த செய்தித்தாள் துண்டு. ஒரு காரியம் முடிய 'கட்டிங் கொடுக்கணும்' என்று குரலைத் தாழ்த்தி ஒருவர் சொன்னால் அது லஞ்சம். 'ஒரு கட்டிங் போடலாமா' என்றால் 180 மில்லி குவார்ட்டரை இரண்டு பேர் பிரித்துக்கொள்வது, தலைக்குத் தொண்ணூறு. மும்பையில் கட்டிங் என்பது பாதி கிளாஸ் டீ. பிரித்துக் குடிப்பது அங்கேயும் உண்டு, பானம்தான் வேறு.

வினை மட்டும் போதாத இடமும் வரும். எங்கள் கடையிலேயே 'கட்டிங் போட்டுட்டியா?' என்ற குரல் நாள் முழுக்கக் கேட்கும். பேப்பரை வெட்டியாயிற்றா என்று பொருள். வெளியே நிற்கும் வாடிக்கையாளர் சிரிப்பார். வினை ஒன்றாகவே இருந்தால் அடுத்து வேற்றுமை உருபைத் தேடுங்கள். கேள்விகளை ஒவ்வொன்றாகப் பொருத்திப் பார்த்தால் போதும். 'எதை?' என்று கேட்டால் பதில் வருகிறதா? அச்சகம், தையல் கடை. 'யாரோடு?' என்பது பொருந்துகிறதா? டாஸ்மாக். 'யாருக்கு?' பொருந்தினால் லஞ்சம். 'எந்தப் பிரிவில்?' என்றால் ஷூ கம்பெனி. 'எப்போது?' என்றால் கரும்பு. ஐ, ஆல், கு என்று பள்ளிக்கூடத்தில் ராகம் போட்டுப் படித்தது இதற்குத்தான் உதவும் என்று அப்போது யாரும் எனக்குச் சொல்லவில்லை.

இதே முறையில் 'சம்பவம்' வேலை செய்வதைப் பாருங்கள். நாளிதழிலும் போலீஸ் எழுத்திலும் சம்பவம் 'நடக்கும்'. செய்தவன் பெயர் வாக்கியத்தில் இருக்க வேண்டியதே இல்லை. ரவுடிகள் பேச்சில் சம்பவம் 'பண்ணுவார்கள்', வெட்டு, கொலை. 2019 பொங்கலுக்கு வந்த ரஜினி படத்துக்கு அப்புறம் 'தரமான சம்பவம்' என்பது பாராட்டாகிவிட்டது. இசையமைப்பாளர் நல்ல பாட்டுப் போட்டாலும் சம்பவம், பந்துவீச்சாளர் விக்கெட் எடுத்தாலும் சம்பவம். 'நட' போய் 'பண்ணு' வந்த இடத்தில்தான் சொல் திரும்பியிருக்கிறது. ஒரு ஆள் உள்ளே நுழைந்தான், பெருமை பேசவும் இடம் கிடைத்தது. கல்யாணப் பேனரில் மாப்பிள்ளை படத்துக்குக் கீழே 'தரமான சம்பவம்' என்று போடச் சொன்ன பையன்களிடம், "பொண்ணு வீட்டுப் பெரியவங்க படிச்சா இன்னா ஆச்சோன்னு பயப்படுவாங்கடா" என்றேன். "அவங்க படிக்கறதுக்கு இல்ல அக்கா, எங்களுக்கு" என்றான் ஒருவன். யார் படிக்க எழுதியது என்பதையும் அவனே சொல்லிவிட்டான். பேனரை அப்படியே அடித்துக் கொடுத்தோம்.

அர்த்தம் கேட்காதீர்கள்

'இதுக்கு என்ன அர்த்தம்?' என்று கேட்டால் யாரும் உண்மையைச் சொல்வதில்லை. சுத்தமான, பெரியவர்களுக்கு ஏற்ற ஒரு பதிலைத் தயாரித்துக் கொடுப்பார்கள். அதற்குப் பதிலாக 'கடைசியா யாரைப் பார்த்து இப்படிச் சொன்னே?' என்று கேளுங்கள். கதை வரும், கதைக்குள் பொருள் இருக்கும்.

இன்னொரு வழி, வேண்டுமென்றே கொஞ்சம் பிசகாகப் பயன்படுத்துவது. 1900-இல் ஐடா ஸ்கடர் ஒரே ஒரு படுக்கையோடு தொடங்கிய சி.எம்.சி. மருத்துவமனை வளர்ந்து வளர்ந்து, இந்த ஊரில் 'ஓ.பி.' என்றாலே வெளிநோயாளிப் பிரிவு என்று ஆகிவிட்டது. 'ஓ.பி.ல காட்டணும்', 'இன்னைக்கு ஓ.பி. இருக்கா?' என்று லாட்ஜ் வாசலில் கேட்கலாம், கொல்கத்தாவிலிருந்து வந்தவர்கள் வாயிலும் கேட்கலாம். ஆனால் கல்லூரியிலும் ஆபீஸிலும் ஓ.பி. 'அடிப்பது' என்றால் வேலை செய்யாமல் பொழுதை ஓட்டுவது. நான் ஒரு பையனிடம் "இன்னா, ஓ.பி. போட்டுட்டு வந்தியா?" என்று கேட்டேன். "போடறது ஆஸ்பத்திரியில அக்கா, நாங்க அடிக்கறதுதான்" என்று திருத்தினான். இப்படித் திருத்த வருகிறவர்தான் அந்தக் கூட்டத்தின் உள் ஆள். சிரித்துவிட்டு விட்டுவிடுகிறவருக்கு அந்தச் சொல் காதில் விழுந்திருக்கும், வாயில் வந்திருக்காது.

எதிர்ப்பதம் கேட்பதும் நல்ல சோதனை. 'சரக்கு'க்கு இது அருமையாகப் பொருந்தும். மண்டியில் சரக்கு இல்லையென்றால் 'வரத்து இல்லை' என்பார்கள். மேடைப் பேச்சாளரிடம் சரக்கு இல்லையென்றால் 'வெத்து வேட்டு'. குடிக்கிறவருக்குச் சரக்கு இல்லையென்றால் 'கடை லீவு', அக்டோபர் 2-ஆம் தேதி போல. நாட்டு மருந்துக் கடையில் மருந்துக்காகும் பொருள் எல்லாமே சரக்கு. சித்த மருத்துவத்தில் அதைப் பக்குவப்படுத்துவதற்குச் 'சரக்கு சுத்தி' என்று பெயர். அரசாங்கமும் இந்தச் சொல்லைத்தான் எடுத்துக்கொண்டது: 2017 ஜூலை 1 முதல் சரக்கு மற்றும் சேவை வரி. வேடிக்கை என்னவென்றால், மனிதர் குடிக்கிற மது அந்த வரிக்கு வெளியே இருக்கிறது. குடிமகன் சொல்லும் சரக்குக்கு மட்டும் சரக்கு வரி கிடையாது.

எழுத்தையும் பாருங்கள்

புரூப் பார்க்கிறவளாக எனக்குப் பிடித்த அடையாளம் இது. 'ஜல்ஸா' என்று ஸ போட்டு எழுதிக்கொண்டு வந்தால் அது கூட்டம். பெரும்பாலும் மார்க்கக் கூட்டம், பட்டமளிப்பு. அரபியில் அமர்வு என்ற பொருளிலிருந்து உருது வழியாக வந்த சொல். தொழுகையில் நெற்றி தரையில் படக் குனியும் இரண்டு ஸஜ்தாவுக்கு நடுவே உட்கார்வதற்கும் ஜல்ஸா என்றே பெயர். அதே சொல் 'ஜல்சா' என்று ச போட்டு வந்தால் கூத்து, கும்மாளம், பெரும்பாலும் கண்ணடித்துச் சொல்வது. வாணியம்பாடி, ஆம்பூர், மேல்விஷாரம் என்று உருது புழங்கும் ஊர்கள் சுற்றியிருக்கும் இடத்தில் இந்த ஓர் எழுத்தைக் கவனிக்காமல் தொழில் செய்ய முடியாது. புதிதாக டிசைனுக்கு வந்த பையன் ஒரு ஜல்ஸா நோட்டீஸைப் பார்த்துக் களுக்கென்று சிரித்தான். எதிரே நின்ற பாய் பொறுமையாக, "உட்காருங்க தம்பி. இப்ப நீங்க உட்கார்ந்ததும் ஜல்ஸாதான்" என்றார். வினையும் ஒத்து வரும்: ஜல்ஸா 'நடைபெறும்', ஜல்சா 'பண்ணுவார்கள்'. சம்பவத்தில் பார்த்த அதே ஜோடி.

எல்லாமே கூட்டத்துச் சொல் என்று எண்ணிவிடவும் கூடாது. பாட்டியும் பேரனும் ஒரே பொருளில் சொன்னால் அது வட்டார வழக்கு. காலைப் பலகாரத்துக்கு 'நாஸ்தா', என்ன என்பதற்கு 'இன்னா' எல்லாம் அப்படி. வட ஆற்காடு 1989-இல் இரண்டாகி, வேலூரும் 2019-இல் மூன்றாகியும் 'இன்னா' மட்டும் பிரியாமல் நிற்கிறது. பாட்டி முன்னால் பேரன் விழுங்கிக்கொள்கிற சொல்லாக இருந்தால் மட்டும் நம் வேட்டை தொடரலாம்.

குறித்து வைக்க நோட்டு வேண்டாம், துண்டுச் சீட்டு போதும். எங்களிடம் வெட்டில் விழுந்த மிச்சக் காகிதம் மூட்டை மூட்டையாக இருக்கிறது. ஒரு சீட்டில் ஒரு வாக்கியம், சொன்னபடியே. பெயர் எழுத வேண்டாம். தொழில், ஏறத்தாழ வயது, யாரிடம் சொன்னது, யார் வந்ததும் பேச்சு நின்றது, தேதி. என் சீட்டு ஒன்று இப்படி இருக்கிறது: 'நான் இப்போ கட்டிங்ல இல்லடி, ஸ்டிச்சிங்குக்கு மாத்திட்டாங்க. ஷூ கம்பெனி, முப்பது வயசு இருக்கும், பத்திரிகை வாங்க வந்தபோது தோழியிடம். தை.' சொல்லை மட்டும் எழுதி வைத்தால் ஆறு மாதத்தில் உங்களுக்கே புரியாது.

அகராதியைக் கடைசியில் திறவுங்கள். சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகன் பழைய பொருளைக் காட்டும், இணையத்திலும் தேடலாம். க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி எடுத்துக்காட்டு வாக்கியத்தோடு பேச்சு வழக்கையும் தரும். முதலிலேயே திறந்தால் அதில் இருக்கிற பொருளைத்தான் காதில் கேட்பீர்கள். அப்புறம், வாட்ஸ்அப்பில் வரும் பிறப்புக் கதைகள். பழைய கால மொழிபெயர்ப்பாளரைக் குறித்த 'துபாஷ்' என்பதிலிருந்து 'டுபாக்கூர்' வந்தது என்று ஒரு கதை ஓடுகிறது. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. நடுப்படிகளை யாராவது பழைய எழுத்தில் காட்டட்டும், அதுவரை சீட்டில் 'கதை' என்று எழுதி ஒதுக்கிவிடுங்கள்.

பொருள் தெரிந்துவிட்டது என்பதற்காகச் சொல்லை நீங்களே எடுத்துப் பேசிவிட முடியாது. நாற்பதைத் தாண்டிய விளம்பரக்காரர் கல்லூரி விழா நோட்டீஸில் பையன்கள் பாஷையைப் போட்டால், அன்று மாலையே பையன்கள் அந்தச் சொல்லைக் கைவிட்டுவிடுவார்கள். பெண்களைக் குறித்துச் 'சரக்கு' என்பதும் சீட்டில் ஏறும், ஏனென்றால் அப்படிச் சொல்கிறார்கள். எங்கள் மிஷினில் அது ஏறாது. கேட்டு வந்தவர்களை அடுத்த தெருவுக்கு அனுப்பியிருக்கிறேன்.

கல்லூரிச் சொற்களின் சீட்டுகளை மட்டும் ஆண்டுக்கு ஒருமுறை திரும்பப் பாருங்கள். புது பேட்ச் வந்து ஒரு பருவம் ஓடியதும், தீபாவளியை ஒட்டிக் கேட்டால் சரியாக இருக்கும். அதற்கு முன்னால் கேட்டால் சொந்த ஊர்ச் சொற்களைத்தான் சொல்வார்கள். மண்டிச் சொற்களுக்கும் ஷூ கம்பெனிச் சொற்களுக்கும் இந்த அவசரம் இல்லை. மாமனார் எழுதி வைத்த பில் புக்கில் சரக்கு இறங்கியது என்றுதான் இருக்கிறது, இன்றைக்கும் மண்டியில் சரக்கு இறங்கிக்கொண்டுதான் இருக்கிறது.