டெபுடேஷன் முடிந்து திரும்பும்போது சறுக்குகிற இடங்கள்

மத்திய அரசு அலுவலகத்திலிருந்து டெபுடேஷனில், அதாவது குறிப்பிட்ட காலத்துக்கு வேறு துறையில் வேலை பார்க்கப் போகிறவர்களுக்கு எப்போதும் ஒரே கவலைதான்: திரும்பி வந்தால் நம் இடம் இருக்குமா? உண்மையில் அந்த இடம் அவ்வளவு சுலபமாகப் போகாது. நிரந்தரப் பணியில் இருப்பவருக்குத் தாய்த் துறையில், அதாவது அவரை அனுப்பிய சொந்தத் துறையில், பதவி மீதுள்ள உரிமையை லீன் என்பார்கள். வேறெங்கும் லீன் இல்லாத ஊழியரின் லீனை, அவரே சம்மதித்தாலும் முடித்துவைக்க முடியாது என்கிறது அடிப்படை விதி 14-ஏ. அதற்காகப் பழைய ஊரும் பழைய நாற்காலியும் காத்திருக்கும் என்று நினைக்க வேண்டாம். உரிமை பதவிக்குத்தான், மேசைக்கு இல்லை.

பலர் தடுக்கி விழுவது கடைசித் தேதியில். டெபுடேஷன் பொதுவாக 3 ஆண்டு, அல்லது அந்தப் பதவிக்கான நியமன விதி சொல்லும் காலம். அது முடியும்போது அங்குள்ள அதிகாரி, "நீங்க இருங்க, எக்ஸ்டென்ஷன் வந்துடும்" என்பார். நம்பி உட்கார்ந்துவிடுவோம். ஆனால் மத்திய அரசின் பணியாளர் துறையான டிஓபிடியின் உத்தரவுப்படி, காலம் முடிவதற்கு முன்பே எழுத்தில் நீட்டிப்பு வராவிட்டால், அந்தத் தேதியிலேயே நாம் விடுவிக்கப்பட்டவராகக் கருதப்படுவோம். அதற்குமேல் இருக்கும் நாட்கள் பென்ஷனுக்குச் சேராது. அந்தச் சமயத்தில் வர வேண்டிய இன்கிரிமென்ட், தாய்த் துறையில் போய்ச் சேரும்வரை தள்ளிப்போகும், அந்த இழப்பு பிறகும் தொடரும். ஒழுங்கு நடவடிக்கையும் வரலாம். வாய்மொழியாகச் சொன்ன அதிகாரியோ அதற்குள் மாற்றலாகிப் போயிருப்பார். நாலு மாதம் முன்பே கடிதம் எழுதி ஞாபகப்படுத்துங்கள். ஆணை கைக்கு வராவிட்டால், தேதியன்று கிளம்பிவிடுங்கள்.

இன்னொரு தவறு, அங்கேயே தொடர உரிமை இருக்கிறது என்று நம்புவது. சிபிஐக்கு டெபுடேஷனில் வந்த ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2000-இல் தெளிவாகவே சொல்லிவிட்டது: டெபுடேஷனில் வந்தவரை எப்போது வேண்டுமானாலும் திருப்பி அனுப்பலாம், நிரந்தரமாகச் சேர்த்துக்கொள்ளும்படி அவர் உரிமையாகக் கேட்க முடியாது. காலத்துக்கு முன்பே அனுப்புவதானால் தாய்த் துறைக்கும் ஊழியருக்கும் குறைந்தது 3 மாதம் முன்னறிவிப்பு தர வேண்டும் என்பது மத்திய அரசின் வழிகாட்டுதல். அவ்வளவுதான் பாதுகாப்பு.

சரி, அவர்களே சேர்த்துக்கொள்ள முன்வந்தால்? விருப்பக் கடிதத்தில் கையெழுத்துப் போடுமுன் ஒரு வாரம் யோசியுங்கள். அங்கே நிரந்தரமாகி லீன் கிடைத்த நாளில் இங்குள்ள லீன் முடிந்துவிடும். பிறகு மனம் மாறினால் திரும்பும் வழி கிடையாது.

அப்புறம், போன இடத்தில் இருக்கும்போதே தாய்த் துறையின் சீனியாரிட்டி பட்டியலை வருடம் ஒரு முறையாவது கேட்டு வாங்கிப் பாருங்கள். ஜூனியருக்குப் பதவி உயர்வு வந்த சேதியைத் திரும்பிப் போய் கேன்டீனில் தெரிந்துகொள்வது கொடுமை. ஆண்டு மதிப்பீட்டு அறிக்கைகள் தாய்த் துறைக்குப் போய்ச் சேர்ந்தனவா, டெபுடேஷன் காலம் சர்வீஸ் புக்கில் ஏறியதா என்பதையும் அப்போதே விசாரித்துவிடலாம். விடுவிப்பு ஆணையில் இரண்டு நகல் எடுத்து ஒன்றை வீட்டில் வையுங்கள்.