நேர்காணலில் அடுத்த கேள்விதான் சிக்கல்

அக்கவுன்ட்ஸ் வேலைக்கு நேர்காணல் போனால் எல்லா இடத்திலும் ஒரே கதை. ஆரம்பம் நன்றாகப் போகும், கடைசியில் "சொல்லி அனுப்புறோம்" என்பார்கள். அப்புறம் போனே வராது.

ரெஸ்யூமேயை மாற்றினேன். ஸ்போக்கன் இங்கிலீஷ் வகுப்பில் சேர்ந்தேன். யூடியூபில் கேள்வி பதில்களை மனப்பாடம் செய்தேன். பலன் இல்லை.

கைகொடுத்தது ஒரு நோட்டுதான். வெளியே வந்ததும், பஸ் ஏறுவதற்கு முன்பே, கேள்விகளைக் கேட்ட வரிசையிலேயே எழுதி வைத்தேன். பலரும் பதில் வராத கேள்வியை மட்டும் குறித்துக்கொள்வார்கள், வரிசை போய்விடும். எனக்கு அந்த வரிசைதான் விஷயத்தைக் காட்டியது. "ஜிஎஸ்டிஆர்-2பி என்றால் என்ன?" என்பதற்கு, சப்ளையர்கள் ஏற்றிய பில்களை வைத்து ஜிஎஸ்டி தளம் நமக்குத் தரும் மாதப் பட்டியல் என்று சரியாகவே சொல்லியிருந்தேன். பேச்சு நின்றது அடுத்ததில்: "சப்ளையர் பில் கையில் இருக்கிறது, 2பி-யில் இல்லை. என்ன செய்வீர்கள்?" வேலை கிடைக்காத நாளிலும் நோட்டில் ஒரு பக்கம் கூடியதால் மனம் தளரவில்லை.

பிறகு அக்கவுன்ட்ஸ் மென்பொருளான டாலியில், பயிற்சிக்கான எஜுகேஷன் மோடில் கொள்முதல் பதிவுகள் போட்டேன். அதில் மாதத்தில் ஒரு சில தேதிகளுக்கு மட்டுமே பதிவு போட முடியும். பழக அது போதும். 2பி மாதிரி ஒரு எக்செல் தாள் தயாரித்து, சில பில்களை வேண்டுமென்றே விட்டு ஒப்பிட்டேன்.

அடுத்த நேர்காணலில் அதே கேள்வி. "இந்த மாத 3பி-யில், அதாவது நாம் வரி கட்டும் ரிட்டர்னில், அந்தப் பில்லில் உள்ள ஜிஎஸ்டியைக் கழித்துக்கொள்ள மாட்டேன். சப்ளையரை அவருடைய விற்பனை ரிட்டர்னான ஜிஎஸ்டிஆர்-1-இல் ஏற்றச் சொல்லி, 2பி-யில் அது எந்த மாதம் வருகிறதோ அந்த மாதம் கழிப்பேன்" என்றேன். எதிரில் இருந்தவர் லேப்டாப்பைத் திருப்பி, அவர்களுடைய ஒப்பீட்டுத் தாளையே காட்டி மேலும் கேட்டார். மறுவாரம் ஆஃபர் லெட்டர் வந்தது.