காமெடிப் படத்துக்கு இசை: எங்கே சறுக்குகிறது?

வடபழனி, சாலிகிராமம் பக்கம் புதிதாக வாய்ப்புப் பிடிக்கும் இசையமைப்பாளருக்குக் காமெடிப் படம் வந்தால், "காமெடிதானே, ஆர்.ஆரை (ரீ-ரெக்கார்டிங், அதாவது பின்னணி இசையை) ஒரு வாரத்தில் ஒப்பேற்றிவிடலாம்" என்று உட்கார்ந்துவிடுகிறார். அங்கேயே சறுக்கல் ஆரம்பம். சோகக் காட்சியில் வயலின் ஒரு நொடி தள்ளி வந்தாலும் யாரும் கவனிக்க மாட்டார்கள். காமெடியில் அரை நொடி தப்பினால் சிரிப்பு போச்சு.

பெரிய தவறு, ரசிகனுக்கு முன்னால் இசை சிரித்துவிடுவது. வாடகை பாக்கிக்காரர் பீரோவுக்குப் பின்னால் ஒளிந்திருக்கிறார், வீட்டுக்காரர் கூடத்தில் நிற்கிறார், ஒளிந்தவரின் போன் அடிக்கிறது என்று வைத்துக்கொள்வோம். போன் அடித்ததுமே மோர்சிங்கில் 'டொய்ங்' என்று போட்டால் காட்சி செத்துவிடும். அதுவரை திகில் படம் போல நேர்மையாக வாசியுங்கள், ஏனென்றால் ஒளிந்திருப்பவருக்கு அது காமெடி இல்லை. போன் அடித்ததும் இசையை வெட்டுங்கள். வீட்டுக்காரர் தலையைத் திருப்பும் வரை, ஒரு 12 ஃபிரேம், மௌனம். நொடிக்கு 24 ஃபிரேம் ஓடும் படத்தில் அது அரை நொடிதான். தியேட்டர் சிரிக்கத் தொடங்குவது அந்த இடைவெளியில்தான். சிரிப்பு அடங்குவதற்குள் அடுத்த வசனம் வருமா என்பதையும் எடிட்டரோடு உட்கார்ந்து பார்த்துவிடுங்கள்.

எல்லா இடத்தையும் இசையால் நிரப்ப வேண்டும் என்ற பதற்றமும் இதோடு சேர்ந்ததுதான். 1964-இல் வந்த 'காதலிக்க நேரமில்லை'யில் நாகேஷ் பாலையாவுக்குக் கதை சொல்லும் காட்சியை இன்னொரு முறை பாருங்கள். நாகேஷ் வாயாலேயே எழுப்பும் சத்தங்கள் போதும், பாலையாவின் முகம் மிச்சத்தைப் பார்த்துக்கொள்ளும். நடிகர் தாளம் வைத்திருக்கும் இடத்தில் நம் தாளம் எதற்கு?

காமெடிப் படம் என்பதால் பாட்டும் கிண்டலாகத்தான் இருக்க வேண்டும் என்று நினைப்பது அடுத்த தவறு. அதே படத்தில் விஸ்வநாதன்–ராமமூர்த்தி தந்த மெலடிகளை இன்றும் பாடிக்கொண்டிருக்கிறோம். 'மைக்கேல் மதன காமராஜன்' ஆள்மாறாட்டக் கூத்துதான், ஆனாலும் அதில் இளையராஜா காதல் பாட்டைக் காதல் பாட்டாகவே போட்டார்.

இயக்குநர் எடிட்டில் வேறொரு படத்தின் இசையைத் தற்காலிகமாக ஒட்டி அனுப்புவார். அதன் வேகத்தையும் நிறுத்தங்களையும் குறித்துக்கொண்டு, டிராக்கை அணைத்துவிட்டு வேலையைத் தொடங்குங்கள். திரும்பத் திரும்பக் கேட்டால் கை தானாக அதே மெட்டுக்குப் போய்விடும். எடிட் முடிவாகும் முன் ஆர்.ஆர். செய்வதும் வீண் வேலை. நாலு ஃபிரேம் வெட்டினாலே எல்லாம் இடம் மாறிவிடும்.

அப்புறம், ஒப்பந்தம். அவசரத்தில் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். 2012-இல் திருத்தப்பட்ட காப்புரிமைச் சட்டப்படி, பாட்டும் இசையும் தியேட்டரில் படத்தோடு ஓடுவது தவிர மற்ற இடங்களில் பயன்படும்போது வரும் ராயல்டியில் இசையமைப்பாளருக்குச் சம பங்கு உண்டு. அதைத் தயாரிப்பாளருக்கு எழுதிக் கொடுக்கவும் முடியாது. கையெழுத்துப் போடுவதற்கு முன் விவரம் தெரிந்த வக்கீலிடம் ஒருமுறை காட்டிவிடுங்கள்.